நாகப்பட்டினத்தில் எழுதப்பட்ட பெயர்

தாய்லாந்தின் காஞ்சனபுரி நகரில், போர்க் கல்லறைத் தோட்டத்தை அடுத்து, தாய்லாந்து-பர்மா ரயில்பாதை மையம் என்ற அருங்காட்சியகம் இருக்கிறது. 2003இல் திறக்கப்பட்டது. சில ஆண்டுகளுக்கு முன் ஒரு டிசம்பர் மாதக் காலையில் வழிகாட்டி ஒருவரின் துணையோடு அதைச் சுற்றிப் பார்த்தேன். சுற்றுலாப் பயணியாகச் சென்றேன் என்று சொல்வதற்கில்லை. எங்கள் குடும்பத்தில் ஒருவர் அந்த ரயில்பாதையில் இறந்திருக்கக்கூடும். இறந்தார் என்று அறுதியிட்டுச் சொல்ல எங்களிடம் ஒரு துண்டுக் காகிதமும் கிடையாது. அந்த ஐயத்தோடுதான் உள்ளே நுழைந்தேன்.

வழிகாட்டி நடுவயதைக் கடந்த தாய்லாந்துப் பெண்மணி. தாழ்ந்த குரலில், அவசரமின்றிப் பேசினார். எங்கள் குழுவில் ஆறு பேர். அவர்களில் ஆஸ்திரேலியத் தம்பதியர் இருவர், கையில் ஒரு காகித உறை வைத்திருந்தனர். அந்த அம்மையாரின் தந்தை இங்கே கைதியாக இருந்தவராம்.

முதலில் எங்களை ஒரு வரைபடத்தின் முன் நிறுத்தினார் வழிகாட்டி. தாய்லாந்தின் பான் போங் அருகிலிருந்து பர்மாவின் தான்பியூசாயத் வரை 415 கிலோமீட்டர். 1942 பிப்ரவரியில் சிங்கப்பூர் ஜப்பானியரிடம் வீழ்ந்தது. அதையடுத்து பர்மாவும் வீழ்ந்தது. பர்மா முனைக்குக் கடல் வழியாகப் படையும் பொருளும் அனுப்புவது ஆபத்தாக இருந்ததால், மலைக்காட்டை ஊடறுத்து ஒரு பாதை போட ஜப்பானிய ராணுவம் முடிவு செய்தது. 1942 நடுவில் தொடங்கிய வேலை 1943 அக்டோபர் 17இல் இரு முனைகளும் சந்தித்ததோடு முடிந்தது. 60,000க்கும் மேற்பட்ட நேச நாட்டுப் போர்க்கைதிகள் இதில் ஈடுபடுத்தப்பட்டனர். பிரிட்டிஷார், ஆஸ்திரேலியர், டச்சுக்காரர், சிறு தொகையில் அமெரிக்கர். அவர்களில் 12,000க்கும் அதிகமானோர் மாண்டனர். அதாவது ஐந்தில் ஒருவர்.

"அவர்களைத் தவிர" என்று சொல்லி ஒரு கணம் நிறுத்தினார். ஆசியத் தொழிலாளர்கள் சுமார் 2 லட்சம் பேர். பர்மியர், மலாய்க்காரர், ஜாவாக்காரர், சீனர், தமிழர். இறந்தவர் தொகை 70,000 என்போரும் 1 லட்சம் என்போரும் உண்டு. 90,000 என்பதே பரவலாகச் சொல்லப்படும் கணக்கு.

கைதிகளின் கணக்கையும் தொழிலாளர்களின் கணக்கையும் அருகருகே வைத்துப் பாருங்கள். ஒரு பக்கம் தலைதலையாக எண்ணப்பட்ட மரணம். மறுபக்கத்தில் பிழைக்கு இடம் விட்ட எல்லையே 30,000 பேர். தஞ்சாவூர்ப் பெரிய கோயில் வளாகத்தில் அத்தனை பேரை நிற்க வைத்தால் மதிலுக்குள் கொள்ளுமா என்று அப்போது என் மனம் கணக்குப் போட்டுக்கொண்டிருந்தது.

*

இவ்விடத்தில் காவிரிப் படுகைக்குத் திரும்ப வேண்டியிருக்கிறது. காஞ்சனபுரியில் மாண்ட தமிழர்களில் பெருந்தொகையினரின் பயணம் இங்கேதான் தொடங்கியது.

அன்றைய ஒன்றுபட்ட தஞ்சை மாவட்டத்தின் துறைமுகமான நாகப்பட்டினத்திலிருந்து பினாங்குக்குக் கப்பல் போயிற்று. திருச்சி, தஞ்சை, சேலம், வட ஆற்காடு, தென்னாற்காடு மாவட்டங்களிலிருந்து ரப்பர்த் தோட்டங்களுக்கு ஆள் திரட்டப்பட்டது. தோட்டத்தில் வேலை பார்க்கும் கங்காணி சொந்த ஊருக்கு வந்து உறவையும் சேரியையும் கூட்டிக்கொண்டு போவார். 1907இல் ஏற்படுத்தப்பட்ட குடியேற்ற நிதியிலிருந்து பயணச் செலவு கொடுக்கப்பட்டது. ஆவடியிலும் நாகப்பட்டினத்திலும் இருந்த முகாம்களில் ஆட்களைத் தங்கவைத்து, மருத்துவச் சோதனை செய்து, பெயரையும் ஊரையும் பதிந்துகொண்டு கப்பலேற்றினார்கள். உதவிப் பயணம் பெற்றுத் தொழிலாளர் மலாயா செல்வதை 1938 ஜூனில் இந்திய அரசு தடை செய்தது. எங்கள் பாட்டனாரின் தமையனார் அதற்கு இரண்டாண்டு முன்பே, 1936இல், திருத்துறைப்பூண்டிப் பக்கத்துச் சிற்றூர் ஒன்றிலிருந்து புறப்பட்டுவிட்டார்.

நெல் விளையும் பூமியை விட்டு ஒருவன் ஏன் போகிறான் என்று கேட்கலாம். நெல் விளைந்தது உண்மை. விளைவித்தவன் பண்ணையாள். கல்யாணத்துக்கு வாங்கிய கடனுக்காகத் தலைமுறை தலைமுறையாக ஒரே பண்ணையில் கட்டுண்டு கிடந்தவன். கூலி நெல்லாக அளக்கப்பட்டது. தவறு செய்தால் சவுக்கடியும் சாணிப்பாலும் தண்டனை. இந்த அமைப்புக்கு எதிராகத் தென்பரையில் பி. சீனிவாசராவ் முன்னின்று விவசாயிகள் சங்கம் அமைத்தது 1943இல். களப்பாள் ஒப்பந்தம் 1944இல். பண்ணையாள் பாதுகாப்புச் சட்டம் வந்தது 1952இல். பெரிய தாத்தா இன்னும் ஏழாண்டு பொறுத்திருந்தால் தென்பரையில் கொடி பிடித்திருப்பாரோ என்னவோ. தென்பரையில் சங்கம் எழுந்த அதே 1943இல்தான், முன்பே தப்பிப் போனவர்கள் சயாம் காட்டில் மடிந்துகொண்டிருந்தார்கள். இந்த ஒற்றுமையை நான் பல முறை எண்ணிப் பார்த்திருக்கிறேன்; இதற்கு என்ன பொருள் கொள்வது என்று இன்றுவரை எனக்குத் தெளியவில்லை.

அவர் கெடாவில் ஒரு ரப்பர்த் தோட்டத்தில் இருந்தார். யாரையோ கொண்டு எழுதுவித்த கடிதங்கள் 1941 வரை வந்தன. 1941 டிசம்பரில் ஜப்பானியர் மலாயாவில் இறங்கியதும் தபால் நின்றது. போர் முடிந்த பின் அதே தோட்டத்திலிருந்து திரும்பிய பக்கத்து ஊர்க்காரர் ஒரே ஒரு வாக்கியம் சொன்னார்: "சயாமுக்கு ரயில் போடப் புடிச்சிட்டுப் போனாங்க." அவ்வளவுதான்.

அவர் மனைவி, எங்கள் பெரிய பாட்டி, ஊரிலேயே இருந்தார். பிள்ளை இல்லை. தாலியைக் கழற்றவுமில்லை, பொட்டை அழிக்கவுமில்லை. கணவன் இறந்ததாக யார் வந்து சொன்னார்கள்? 1970களின் இறுதியில் அவர் காலமானபோது மஞ்சள் பூசி, பூ வைத்துச் சுமங்கலியாகவே எடுத்துச் சென்றார்கள்.

*

அருங்காட்சியகம் மிகுந்த நேர்மையோடு அமைக்கப்பட்டது என்பதைச் சொல்லிவிட வேண்டும். மரப்பாலங்களின் மாதிரிகள், உளி, சம்மட்டி, கைதிகளை ஏற்றிவந்த சரக்கு வண்டி, மூங்கிலால் செய்த மருத்துவக் கருவிகள், நோய்க்குடிசையின் காட்சி. ஆசியத் தொழிலாளர்களின் பாட்டையும் அது மறைக்கவில்லை. ஆயினும் ஓர் அருங்காட்சியகம் கையில் உள்ளதைக் கொண்டுதானே பேச முடியும்?

கைதிகளிடம் காகிதம் இருந்தது. ஜாக் சாக்கரும் ரொனால்ட் சர்லும் உயிரைப் பணயம் வைத்து ஒளித்துவைத்த ஓவியங்கள் இருக்கின்றன. மருத்துவர் ராபர்ட் ஹார்டியின் நாட்குறிப்பு 1983இல் நூலாயிற்று. 'வியரி' டன்லப்பின் நாட்குறிப்புகள் 1986இல். தமிழர்கள் எப்படிச் செத்தார்கள் என்பதைக்கூட நாம் பெரும்பாலும் வெள்ளைக்காரக் கைதிகளின் குறிப்புகள் வழியாகவே அறிகிறோம். வேலியின் அந்தப் பக்கத்திலிருந்து பார்த்தவர்கள் எழுதியது.

தமிழர் அழைத்துவரப்பட்ட கதையைக் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன். ஜப்பானிய ஆட்சியில் ரப்பருக்குச் சந்தை இல்லாமல் போயிற்று. தோட்டங்கள் முடங்கின, பசி வந்தது. நாளுக்கு ஒரு வெள்ளி கூலி, சாப்பாடு, மூன்று மாதத்தில் திரும்பலாம் என்று முதலில் விளம்பரம் செய்தார்கள். நம்பிப் போனவர்கள் உண்டு. குடும்பத்தோடு போனவர்களும் உண்டு. போனவர் திரும்பவில்லை என்று தெரிந்ததும் ஆள் கிடைக்கவில்லை. பிறகு வலுக்கட்டாயம். இலவசப் படம் காட்டுவதாகச் சொல்லிக் கூட்டம் சேர்த்து, கதவை அடைத்து, லாரியில் ஏற்றிய கதைகள் மலேசியத் தமிழரிடையே இன்றும் வழங்குகின்றன. மலாயாவிலிருந்து இவ்வாறு கொண்டுசெல்லப்பட்டோர் 75,000 அளவில் இருப்பர். பெரும்பான்மையோர் தமிழர். பான் போங் வரை மூடிய சரக்கு வண்டி. அதற்கப்பால் பல நாள் நடை.

1943இன் முற்பகுதியில் ஜப்பானியர் வேலையை விரைவுபடுத்தினர். கைதிகள் அந்தக் காலத்தை 'ஸ்பீடோ' என்று அழைத்தனர். காவலர்கள் ஓயாமல் கத்திய சொல் அது. மழையும் அப்போதே தொடங்கியது. மே, ஜூன் மாதங்களில் காலரா பரவியது. கைதிகளுக்கு ஓர் ஒழுங்கு இருந்தது. அதிகாரிகள் இருந்தனர், மருத்துவர்கள் இருந்தனர், கொதிக்க வைக்காத நீரைக் குடிக்காதே என்று தடுக்க ஆள் இருந்தது, இறந்தவனைப் புதைத்துக் குறிப்பெழுத ஒருவன் இருந்தான். தொழிலாளர் முகாம்களில் இவற்றுள் ஒன்றுகூட இல்லை. ஆற்று நீரைக் குடித்தார்கள். கழிப்பிடம் இல்லை. நோயுற்றவரைத் தனிக் குடிசையில் கொண்டுபோய்ப் போட்டார்கள். நிலைமை கைமீறியபின், 1943 நடுவில், 'கே', 'எல்' என்று பெயரிட்ட இரண்டு மருத்துவக் குழுக்களைச் சிங்கப்பூர்க் கைதிகளிலிருந்து தேர்ந்து தொழிலாளர் முகாம்களுக்கு ஜப்பானியர் அனுப்பினர். நூற்றுக்கணக்கில் இருந்த அவர்கள், பல்லாயிரம் பேருக்கு என்ன செய்திருக்க முடியும்?

டேவிட் லீன் 1957இல் எடுத்த புகழ்பெற்ற திரைப்படத்தை நம்மில் பலர் பார்த்திருப்போம். பாலம் வருகிறது, சீழ்க்கை வருகிறது, பிரிட்டிஷ் கர்னல் வருகிறார். தமிழன் ஒருவனும் வரவில்லை. இத்தனைக்கும் அந்தப் பாலக் காட்சிகள் இலங்கையின் கித்துல்கலையில் எடுக்கப்பட்டவை. தமிழில் இந்தக் குறையை ஈடுசெய்தவர்கள் மலேசிய எழுத்தாளர்களே. ஆர். சண்முகத்தின் 'சயாம் மரண ரயில்', அ. ரெங்கசாமியின் 'நினைவுச் சின்னம்' ஆகிய இரு நாவல்களும் இங்கே இன்னும் பரவலாக வாசிக்கப்பட வேண்டியவை. ஆள் அனுப்பிய தஞ்சைத் தரணியிலிருந்து இப்படியொரு படைப்பு எழவில்லையே என்ற குறை எனக்கு உண்டு. கப்பலேறிப் போனவனை நாம் கணக்கிலிருந்து எடுத்துவிட்டோம் போலும்.

*

சுற்று முடிந்ததும், அந்த ஆஸ்திரேலிய அம்மையார் உறையைப் பிரித்துத் தந்தையின் பெயரையும் படைப்பிரிவு எண்ணையும் கொடுத்தார். இம்மையம் கைதிகளின் குடும்பத்தினருக்காகப் பல்லாண்டுகளாக ஆவணங்களைத் தொகுத்து வருகிறது. சிறிது நேரத்தில் விவரம் கிடைத்தது: எந்த முகாம், எத்தனை மாதம், எந்த மருத்துவக் குடிசை. அம்மையார் அழுதார். எனக்கும் தொண்டை அடைத்தது. பொறாமையும் இருந்தது என்பதை ஒப்புக்கொள்கிறேன்.

பின்னர் நான் கேட்டேன். வழிகாட்டி பொறுமையாகப் பெயர் என்ன என்றார். சொன்னேன். அந்தப் பெயரை நான் கண்டெடுத்ததே ஒரு பழைய கடித உறையிலிருந்துதான். கணவன் பெயரைப் பெரிய பாட்டி வாய்விட்டுச் சொன்னதில்லை. பிள்ளைகளுக்கு அவர் பெரியப்பா. வீட்டில் நாற்பது ஆண்டுகளாக ஒருவரும் உச்சரிக்காத பெயரை அயல்நாட்டு மேசையொன்றின் முன் எழுத்துக்கூட்டிச் சொல்லிக்கொண்டிருந்தேன். "எந்தத் தோட்டம்? எந்தத் தொகுதியில் அழைத்துவரப்பட்டார்?" தெரியவில்லை. அவர் பேனாவை மூடிவிட்டு, "உங்கள் மக்களுடைய பெயர்ப்பட்டியல் எங்களிடம் மட்டுமல்ல, எவரிடமும் இல்லை" என்றார். மன்னிப்புக் கேட்கும் குரல் அது. அவர் கேட்க வேண்டிய மன்னிப்பு அல்ல.

அடுத்த வாயிலில் கல்லறைத் தோட்டம். 6,982 கல்லறைகள். ஒவ்வொன்றிலும் வெண்கலப் பட்டயம். பெயர், பதவி, இறந்த நாள். புல் ஒட்ட வெட்டப்பட்டு, கல்லுக்குக் கல் ஒரு பூஞ்செடி. நுழைவுக் கட்டடத்தில் இன்னொரு சிறிய நினைவுப் பலகை இருக்கிறது. தாய்லாந்தின் இஸ்லாமியக் கல்லறைகளில் புதைக்கப்பட்டு, பராமரிக்க முடியாமற்போன பிரிக்கப்படாத இந்தியாவின் படைவீரர்கள் 11 பேரின் பெயர்கள் அதில் உள்ளன. ஆக, இந்தியன் என்பதால் பெயர் விடுபடவில்லை. சீருடை அணிந்தவனுக்குப் பெயர் உண்டு. கூலிக்கு இல்லை.

பாலத்தருகே 1944இல் ஜப்பானிய ராணுவமே எழுப்பிய நினைவுத்தூண் ஒன்றும் நிற்கிறது. இறந்த தொழிலாளர்களுக்காகப் பல மொழிகளில் கல்வெட்டுப் பதித்திருக்கிறார்கள். தமிழும் அவற்றுள் ஒன்று. கொன்றவன் வைத்த கல்லில் தமிழைக் காண்பது விசித்திரமான அனுபவம். நகரத்தில் 1990 இறுதியில் நிலத்தைத் தோண்டியபோது நூற்றுக்கணக்கான எலும்புக்கூடுகள் ஒரே இடத்தில் குவியலாகக் கிடைத்தன. ஆசியத் தொழிலாளர்களுடையவை என்று கருதப்பட்டன. அந்த எலும்புகளில் எது எவருடையது என்று யாரால் சொல்ல முடியும்? நடுகல்லில் வீரனின் பெயர் பொறித்துப் படையலிட்டதைச் சங்கப் பாடல்களில் படித்து வளர்ந்த நமக்கு, பெயரில்லாத கல் எத்தனை அந்நியமானது என்று சொல்ல வேண்டியதில்லை.

ஐரோப்பிய யூதப் பேரழிவோடு இதை ஒப்பிடுவது முறையா என்று சிலர் கேட்கக்கூடும். நோக்கத்தில் இரண்டும் ஒன்றல்ல. அங்கே ஓர் இனத்தை அழிப்பதே திட்டம். இங்கே பாதை போடுவது திட்டம், செத்தால் அடுத்த ஆள். ஆனால் பெயர் விஷயத்தில் அவர்களிடம் கற்க ஒன்று இருக்கிறது. ஜெருசலேமில் 1953இல் நிறுவப்பட்ட யாத் வஷேம், கொல்லப்பட்ட 60 லட்சம் பேரில் 48 லட்சத்துக்கும் மேற்பட்டோரின் பெயர்களைத் திரட்டியுள்ளது. நாஜிகளின் பட்டியல்களிலிருந்து மட்டும் எடுத்தவை அல்ல இவை. சாட்சிப் பக்கம் என்று ஒரு படிவம் வைத்திருக்கிறார்கள். உறவினரோ அண்டை வீட்டாரோ தமக்குத் தெரிந்ததை அதில் எழுதலாம்: பெயர், பெற்றோர் பெயர், ஊர், தொழில். சாவின் விவரம் தெரியாவிட்டாலும் குற்றமில்லை. கொன்றவன் எழுதாமல் விட்டதை வீட்டார் எழுதுகிறார்கள்.

நம் பக்கம் இப்படி ஒரு படிவம் இல்லை. இருந்தால் யார் நிரப்புவார்கள் என்று எண்ணிப் பார்த்தேன். நாகை, திருவாரூர், தஞ்சை மாவட்டங்களின் தெருக்களில் 'கப்பலுக்குப் போனவர்' என்ற சொற்றொடரோடு முடிந்துபோகும் கதை வீட்டுக்கு வீடு கேட்கலாம். சொல்லத் தெரிந்தவர்களுக்கு இன்று எண்பது வயதுக்கு மேல். நாகப்பட்டினத்தில் கப்பலேறும்போது எழுத்தர் ஒருவர் பெயரும் தந்தை பெயரும் ஊரும் கேட்டு எழுதினார். அரசாங்கம் அவனை ஒரு மனிதனாகப் பதிந்த கடைசி நாள் அதுவாகவே இருந்திருக்கலாம்.

*

ஊர் திரும்பியதும் அத்தையைப் பார்க்கப் போனேன். அப்பாவின் மூத்த சகோதரி. பெரிய பாட்டி வளர்த்த பிள்ளை. வழக்கமாக அதிகம் பேசாதவர். நான் சொல்லச் சொல்லக் கேட்டுக்கொண்டிருந்துவிட்டு, "பேரு இருந்துச்சாப்பா?" என்றார்.

"இல்லை அத்தை."

"எப்ப செத்தாங்கன்னாச்சும் போட்டிருந்துச்சா?"

அவர் ஏன் கேட்கிறார் என்று எனக்குப் புரியச் சற்று நேரம் ஆயிற்று. எங்கள் வீட்டில் தை அமாவாசைப் படையலில் அவருக்கு இலை போடுவதில்லை. பெரிய பாட்டி இருந்தவரை போட விடவில்லை. அவர் போனபின் நாள் தெரியாதவருக்கு எப்படிப் போடுவது என்ற தயக்கம். அருங்காட்சியகத்தில் கேட்டதைச் சொன்னேன். 1943இல் மழை பிடித்தபின் வாந்திபேதி வந்தது, தமிழர் முகாம்களில் அதில்தான் கூட்டம் கூட்டமாகச் செத்தார்கள், வைகாசி ஆனி மாதமாக இருக்கும் என்றேன். அவரும் அதில்தான் போனார் என்று சொல்ல முடியாது, ஒருவேளை பாதை முடிந்தபின்னும் இருந்திருக்கலாம் என்றும் சொன்னேன். படித்தவனுக்குரிய எச்சரிக்கை.

"அதெல்லாம் இருக்கட்டும். ஆனின்னு வச்சிக்கலாம்" என்றார் அத்தை.

அடுத்த ஆனி அமாவாசையன்று கொல்லையில் ஓர் இலை போட்டார். சோறு, கருவாட்டுக் குழம்பு, வெற்றிலை பாக்கு, புதிய வேட்டி ஒன்று. சூடம் ஏற்றும் முன் என்னைப் பார்த்து, "அந்தக் கவர்ல போட்டிருந்த பேரைச் சொல்லு" என்றார். சொன்னேன். அவரும் சொன்னார். பிறகு ஒரு கவளத்தை எடுத்துக்கொண்டு காக்கையைக் கூப்பிடப் போனார்.